ஆபத்துப் பட்டியலில் நான்காவது

சிவப்புப் பலகைக் கடையின் உடை மாற்றும் அறையில் அந்த மேல்சட்டையை மாட்டிப் பார்த்தபோது, அக்காவுக்கு அது கச்சிதமாகப் பொருந்தியது. வேறு யாராக இருந்தாலும் கண்ணாடி முன்னால் ஒரு சுற்றுச் சுற்றிவிட்டுச் சந்தோஷமாகக் கல்லாவுக்குப் போயிருப்பார்கள். அக்கா கண்ணாடிக்கு இன்னும் கிட்டே போய்த் தோளை உற்றுப் பார்த்தாள்.

அவள் துணி எடுக்க வந்தவள் இல்லை. பெண்களுக்கான ஆயத்த ஆடை விற்கும் ஏழு கிளைகளுக்குச் சொந்தக்காரி. பாதிச் சொந்தக்காரி என்று சொல்வதுதான் சரி, மறுபாதி அவள் தம்பியுடையது. சிவப்புப் பலகை என்று எல்லாரும் சொல்லும் அந்தக் கடை அவர்களுக்கு நேர் எதிரி. மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை அக்கா அங்கே வாடிக்கையாளர் மாதிரி நுழைந்து நாலு உருப்படியை மாட்டிப் பார்ப்பாள், மனதுக்குள் நாலு குறை சொல்லிவிட்டு நிம்மதியாக வெளியே வருவாள். இந்த நிம்மதிக்காகவே அவள் அங்கே போகிறாள் என்று அவள் கடைப் பெண்கள் கிண்டல் செய்வதுண்டு.

இந்தச் செவ்வாய்க்கிழமை குறை சொல்ல ஒன்றும் இல்லை. அதுதான் பிரச்சினை.

அக்காவின் வலது தோள் இடது தோளைவிடக் கால் அங்குலம் இறக்கம். பார்த்தால் தெரியாது, துணிக்குத் தெரியும். எந்தக் கடைச் சட்டையைப் போட்டாலும் வலது பக்கக் கழுத்தோரம் ஒரு சுருக்கம் விழும். அவள் கடைச் சட்டையில் மட்டும் விழாது. இப்போது இந்தச் சட்டையிலும் விழவில்லை. அவள் கைப்பையிலிருந்து டேப்பை எடுத்துச் சட்டையின் இரண்டு தோளையும் அளந்தாள். இடது பக்கம் ஓர் அளவு, வலது பக்கம் கால் அங்குலம் குறைவு. உள்ளே கழுத்துப் பட்டியில் சிவப்பு நிறத்தில் எதிரியின் பெயர்.

அந்தக் கால் அங்குலம் ஒரு பெரிய ரகசியமெல்லாம் இல்லை, உண்மையில் ஒரு தப்பு. இருபத்தொரு வருடங்களுக்கு முன்னால், ஒரு வாடகை அறையில் ஒரு தையல் மிஷினோடு தொடங்கியபோது, அளவு பார்க்கப் பொம்மை வாங்கக்கூட வசதி இல்லை. அக்காவே பொம்மையாக நின்றாள். அட்டையில் பாதி உடம்பு வரைந்து, துணியை மடித்து இரண்டு பக்கத்தையும் ஒன்றாக வெட்டுவதுதான் முறை. அப்போதுதான் வேலைக்குச் சேர்ந்திருந்த கட்டிங் மாஸ்டர், ஆர்வக் கோளாறில், துணியை அவள் மேலேயே போட்டு இரண்டு பக்கத்தையும் தனித்தனியாகக் குறித்துவிட்டார். அந்த அட்டையிலிருந்து அடுத்த அட்டை, அதிலிருந்து அடுத்தது என்று மூன்று கிளை திறந்த பிறகுதான் அவர் ஒரு நாள் அளந்து பார்த்துத் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"அக்கா, இத்தனை வருஷமா கோணலா வெட்டிக்கிட்டு இருந்திருக்கேன்!"

உடனே நேர்படுத்தினார்கள். அந்த மாதமே வாடிக்கையாளர்கள் முகம் சுளித்தார்கள். "முன்ன மாதிரி தோள்ல உக்காரலையே" என்று திருப்பிக் கொண்டுவந்து கொட்டினார்கள். அப்புறம்தான் அக்கா யோசித்தாள். பை மாட்டுவது, குழந்தை தூக்குவது, குடம் தண்ணீரோ கோப்புக் கட்டோ சுமப்பது என்று பெண்களில் முக்கால்வாசிப் பேருக்கு ஒரு தோள் இறங்கித்தான் இருக்கிறது. கோணலையே திரும்ப வைத்தார்கள். அன்றிலிருந்து அக்கா ஒவ்வொரு கிளையிலும் உடை மாற்றும் அறை வாசலில் ஒரு ஸ்டூலைப் போட்டுக்கொண்டு, வருகிற பெண்களிடம் எங்கே பிடிக்கிறது, எங்கே தொங்குகிறது என்று கேட்டுக் கேட்டு, ஒவ்வொரு சைஸையும் செதுக்கினாள். அவள் சொல்வாள், மாஸ்டர் வெட்டுவார். அவளுக்குக் கத்தரி பிடிக்கத் தெரியாது, அவருக்குப் பெண்களிடம் கேட்கத் தெரியாது. இரண்டு பேரும் சேர்ந்தால்தான் ஒரு அட்டை.

ஏழு கிளையும் அந்த அளவின் மேல்தான் நிற்கின்றன. துணி யாரிடமும் கிடைக்கும், விளக்கும் ஏ.சி.யும் யாரும் போடலாம்.

அதுவும் எந்த வாரத்தில் இது நடக்கிறது பாருங்கள். வருகிற திங்கட்கிழமை பத்து மணிக்கு ஒரு முதலீட்டு நிறுவனத்துடன் ஒப்பந்தம். ஏழு கிளையை இருபது ஆக்கப் போகிறார்கள். இருபதும் தம்பியின் கனவு, அவன் அறைச் சுவரில் ஒரு வரைபடம் மாட்டி இன்னும் திறக்காத கடைகளுக்கெல்லாம் குண்டூசி குத்தி வைத்திருக்கிறான். அந்த ஒப்பந்தத்தில், இந்த ஆடை அளவுகள் எங்களிடம் மட்டுமே இருக்கின்றன, வெளியில் வேறு யாரிடமும் இல்லை என்று அக்காவும் தம்பியும் உறுதி சொல்லிக் கையெழுத்துப் போட வேண்டும்.

அக்கா அந்தச் சட்டையை வாங்கிக்கொண்டு ஆட்டோவில் ஏறினாள். மீதிச் சில்லறை வாங்கக்கூட மறந்துவிட்டாள். வழியிலேயே தம்பிக்குப் போன் போட்டு விஷயத்தைச் சொன்னாள்.

புதன்கிழமை காலை கட்டிங் அறை. நீளமான மேஜை, சுவரெல்லாம் ஆணியில் தொங்கும் அட்டைகள், மூலையில் வெட்டுத் துணி மூட்டைகள். அக்கா, தம்பி, மாஸ்டர் மூன்று பேர்தான். அக்கா கதவைச் சாத்திவிட்டுச் சட்டையை மேஜையில் போட்டாள்.

மாஸ்டர் அதைப் புரட்டினார், உள்பக்கம் வெளியே எடுத்தார், ஆணியிலிருந்து ஒரு அட்டையைக் கழற்றி மேலே வைத்துப் பார்த்தார். ஒரு நூல் வித்தியாசம் இல்லை.

"நம்ம அட்டைதான் அக்கா" என்றார். "ஆனா இது என் கத்தரி இல்ல. மிஷின்ல வெட்டினது. ஓரத்தைப் பாருங்க."

அவர் பதறவில்லை. இது எப்படி நடந்திருக்கும் என்று கண்டுபிடிக்கிற சுவாரசியம்கூட அவர் குரலில் இருந்தது. அந்த நிதானம்தான் அக்காவுக்கு எரிச்சலைக் கிளப்பியது. குற்றம் செய்யாதவனுக்குப் பதற்றம் எதற்கு என்று அவளுக்கு அன்று தோன்றவில்லை.

"இந்த ரூம் சாவி யார்கிட்ட இருக்கு மாஸ்டர்?"

"என்கிட்டதான்."

"வேற யார்கிட்ட?"

மாஸ்டர் அட்டையிலிருந்து கையை எடுத்தார். "என்ன கேக்கறீங்க அக்கா?"

"பெரிய சைஸுக்குப் போறப்ப எங்க கூட்டணும், எங்க கூட்டக் கூடாதுன்னு உலகத்துல ரெண்டு பேருக்குத்தான் தெரியும். நான் யார்கிட்டயும் சொல்லல."

சொல்லியிருந்தாள். ஆனால் அது அந்த நேரத்தில் அவள் நினைவுக்கு வரவில்லை, அல்லது அதை 'யாரிடமோ' சொன்னதாக அவள் கணக்கில் எடுக்கவில்லை. கோபம் வந்தால் அவளுக்குக் கண் மண் தெரியாது. "உங்க பையைக் கொஞ்சம் காட்டுங்க" என்று கேட்டேவிட்டாள்.

இருபத்தொரு வருடம் அந்த அறையில் நின்ற மனிதர் தன் பையை மேஜை மேல் கவிழ்த்தார். சாப்பாட்டு டப்பா, மூக்குக்கண்ணாடிக் கூடு, குடை, பாதி தீர்ந்த மாத்திரைப் பட்டை. எல்லாவற்றையும் திரும்ப ஒவ்வொன்றாக உள்ளே வைத்தார். சாவியை மட்டும் மேஜையில் விட்டார்.

"நான் வரேன் மேடம்" என்றார்.

கடையில் கூட்டுகிறவர்கூட அவளை 'அக்கா' என்றுதான் கூப்பிடுவார். அந்த 'மேடம்' அவள் காதில் சுருக்கென்றது. ஆனாலும் தடுக்கவில்லை.

தம்பி இத்தனை நேரமும் ஜன்னலோரம் நின்று கைப்பேசியைப் பார்த்துக்கொண்டிருந்தான். மாஸ்டர் போன பிறகு வந்து அக்காவின் தோளில் கை போட்டான்.

"விடுக்கா. இந்தக் காலத்துல யாரைத்தான் நம்பறது?"

அவளுக்கு அழுகை வந்தது. நல்ல வேளை, இவனாவது இருக்கிறானே என்று நினைத்துக்கொண்டாள்.

வெள்ளிக்கிழமை மதியம் ஒப்பந்தக் காகிதங்கள் வந்தன. நூற்று நாற்பது பக்கம். "கடைசிப் பக்கத்துல மட்டும் போட்டா போதும்க்கா, மிச்சமெல்லாம் வக்கீல் பாத்தாச்சு" என்று தம்பி சொல்லியிருந்தான். ஆனால் அக்கா துவைக்கும் முறை பற்றிச் சட்டைக்குள் தைத்திருக்கும் பொடி எழுத்தைக்கூட விடாமல் படிக்கிறவள். முதல் கிளையின் மாடி அறையில் உட்கார்ந்து, டீ ஆறிப்போக, பக்கம் பக்கமாகப் புரட்டினாள்.

தொண்ணூறாம் பக்கத்துக்கு மேல் ஒரு பட்டியல் இருந்தது. 'தொழிலுக்கு உள்ள ஆபத்துகள்' என்று தலைப்பு. இதை எழுத முதலீட்டு நிறுவனத்திலிருந்து ஒரு கண்ணாடிக்காரர் போன வருடம் கடை கடையாக வந்து எல்லாரையும் கேள்வி கேட்டுப் போனது அவளுக்கு ஞாபகம் இருந்தது. முதல் ஆபத்து, நூல் விலை. இரண்டாவது, மூன்றாம் கிளைக் கட்டடத்தின் வாடகை ஒப்பந்தம் முடியப் போவது. மூன்றாவது, விற்காமல் தங்கிப்போகும் சரக்கு. பரவாயில்லை, மனிதர் விஷயம் தெரிந்துதான் எழுதியிருக்கிறார் என்று அக்கா தலையாட்டிக்கொண்டாள்.

நான்காவது அவள்.

'ஆடை அளவு பற்றிய அறிவு முழுவதும் ஒரே நபரிடம் உள்ளது (இணை உரிமையாளர், பெண், வயது 52). அவர் நோயுற்றாலோ ஒத்துழைக்க மறுத்தாலோ தொழில் முடங்கும்.'

பக்கத்துக் கட்டத்தில் 'எடுக்க வேண்டிய நடவடிக்கை' என்று இருந்தது. 'அட்டைகள் அனைத்தும் நகலெடுக்கப்பட்டு வெளித் தொழிற்சாலை ஒன்றில் வைக்கப்படும். எழுதி வைக்கப்படாத விவரங்கள், அவர் அறுவை சிகிச்சைக்காக மருத்துவமனையில் இருக்கும் நாட்களில் பேசிப் பெறப்படும். பொறுப்பு: இணை உரிமையாளர் (சகோதரர்).'

அதற்கும் பக்கத்துக் கட்டத்தில் ஒரே வார்த்தை. 'முடிந்தது.'

நடவடிக்கை தீர்மானித்த தேதியைப் பார்த்தாள். அவள் ஆஸ்பத்திரியில் சேர்வதற்கு எட்டு நாள் முன்பு.

அந்த ஆஸ்பத்திரி நாட்களைப் பற்றிச் சொன்னால்தான் அது அவளை எப்படிச் சுட்டது என்று புரியும். போன வருடம் அவளுக்குப் பித்தப்பையில் கல். சின்ன ஆபரேஷன் என்றார்கள், காய்ச்சல் கண்டு ஒன்பது நாள் இழுத்துவிட்டது. ஒன்பது நாளும் தம்பி வந்தான். கடை கடை என்று பறக்கிறவன், நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்தான். ஆப்பிள் சீவிக் கொடுத்தான். "அக்கா, சைஸ் பெருசாக ஆக இடுப்பைக் கூட்டற, கையைக் கூட்டற, தோளை மட்டும் ஏன் அவ்வளவா கூட்ட மாட்டேங்கற?" என்று கேட்டான். அவளுக்குப் பூரித்துப்போயிற்று. இருபது வருடத்தில் அவன் ஒரு தடவைகூட இது ஏன் இப்படி என்று அவளிடம் கேட்டதில்லை, கடை எங்கே திறப்பது என்பதுதான் அவனுக்குப் பேச்சு. கையில் டிரிப்ஸ் ஏறிக்கொண்டிருக்க, மறு கையால் காற்றில் வரைந்து காட்டிக் காட்டிச் சொன்னாள். மூச்சு வாங்கியது, அப்போதும் நிறுத்தவில்லை. கைப்பேசியை அவன் தலையணையோரம் குப்புற வைத்திருந்தது, தூக்கம் கெடாமல் இருக்க என்று நினைத்தாள். "இப்படி ஒரு தம்பி யாருக்கும்மா அமையும்?" என்று நர்ஸிடம் பெருமை வேறு அடித்துக்கொண்டாள். அம்மா அப்பா போன பிறகு அவள் வாழ்க்கையில் வந்த நல்ல ஒன்பது நாள் அவை. வலியோடு கழிந்தாலும் நல்ல நாட்கள்.

அவள் அந்தப் பக்கத்தை மட்டும் கிழித்து எடுத்துக்கொண்டு தம்பியின் அறைக்குப் போனாள். போய் அவன் மேஜையில் வைத்தாள். அவன் பார்த்தான். முகம் வெளுத்தது, ஆனால் சீக்கிரமே சமாளித்துக்கொண்டான். வியாபாரி இல்லையா.

"அக்கா, இது நீ நினைக்கற மாதிரி இல்ல. உனக்கு ஏதாவது ஆயிருந்தா? முந்நூறு பேர் வேலை செய்யறாங்க. எல்லாமே உன் ஒரு தலைக்குள்ள இருந்தா எவன் பணம் போடுவான்?"

"சிவப்புப் பலகைக்கு எப்படிப் போச்சு?"

"அது எனக்குத் தெரியாது, சத்தியமா. அந்தத் தொழிற்சாலைக்காரன் வெளிய விட மாட்டேன்னு எழுதிக் குடுத்திருக்கான். அவனே அவங்களுக்கும் தைக்கறான்னு இப்பதான் தெரிஞ்சுது."

"எப்ப?"

அவன் மேஜை மேலிருந்த பக்கத்தைக் குப்புறத் திருப்பி வைத்தான்.

"எப்படா தெரிஞ்சுது?"

"செவ்வாய்க்கிழமை. நீ போன்ல சொன்னதும் விசாரிச்சேன்."

அப்படியானால் புதன்கிழமை காலை, மாஸ்டர் மேஜையில் பையைக் கவிழ்த்தபோது, இவனுக்குத் தெரியும். ஜன்னலோரம் நின்று கைப்பேசியைப் பார்த்தவனுக்கு எல்லாம் தெரியும். நம்பவைத்துக் கழுத்தை அறுப்பது என்று சொல்வதை அவள் நூறு முறை சொல்லியிருக்கிறாள். அதை இத்தனை அன்பாகச் செய்ய முடியும் என்று தெரிந்திருக்கவில்லை.

"அந்த மனுஷனை நான் திருடன்னு சொன்னப்ப, நீ பக்கத்துலதானே நின்னே?"

"எப்படிச் சொல்றதுன்னு தெரியலக்கா. திங்கட்கிழமை முடியட்டும், அப்பறம் அவரைக் கூப்பிட்டுப் பேசிக்கலாம்னு..."

"கேட்டிருந்தா நானே குடுத்திருப்பேனேடா."

"குடுத்திருக்க மாட்ட" என்றான் அவன். இந்த ஒரு இடத்தில் அவன் குரல் நேராக இருந்தது. "ரெண்டு தடவை கேட்டேன். எழுதி வைன்னு சொன்னேன். நான் என்ன செத்தா போயிடுவேன்னு சிரிச்ச. உன்கிட்ட வாங்க எனக்கு வேற வழி தெரியல."

அது உண்மைதான். அவன் கேட்டதும், அவள் சிரித்ததும். ஆனால் உண்மை என்பதால் வலி குறைந்துவிடுமா என்ன? இன்னும் மோசமாகத்தான் வலித்தது. சண்டை போட்டிருக்கலாம், கத்தியிருக்கலாம், பங்கைப் பிரித்துக்கொண்டு போ என்றிருக்கலாம். ஆப்பிள் சீவிக் கொடுத்திருக்க வேண்டாம்.

"நான் கையெழுத்துப் போட மாட்டேன்" என்றாள்.

"அக்கா!"

"நம்மகிட்ட மட்டும்தான் இருக்குன்னு பொய்யா எழுதிக் குடுக்கச் சொல்றியா? அது சிவப்புப் பலகையில அடுக்கி வச்சு விக்குது. இருபது கடை வேணாம், ஏழு போதும். மாஸ்டரைக் கூட்டிட்டு வரேன். பழைய அட்டையெல்லாம் தூக்கிப் போட்டுட்டு முதல்லேருந்து ஆரம்பிக்கறோம். வாடிக்கையாளருங்க என்கிட்ட இன்னும் பேசறாங்க, அவருக்கு இன்னும் கை இருக்கு. ஆறு மாசத்துல இதைவிட நல்ல அளவு வரும். அதை நீ தொடக் கூடாது."

தம்பி நாற்காலியில் சாய்ந்தான். "அவர் வருவாரா?" என்று மட்டும் கேட்டான்.

"வருவார்" என்றாள் அக்கா. "அவர் என்ன உன்னை மாதிரியா?"

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு மாஸ்டர் வீட்டுக் கதவைத் தட்டினாள். அடுக்குமாடிக் கட்டடத்தில் மூன்றாவது தளம், மாடிப்படி முழுக்கத் துணி காயப்போட்டிருந்தது. மாஸ்டர் தானே வந்து திறந்தார். வெள்ளைப் பனியன், கையில் இஸ்திரிப் பெட்டி. ஒரு சட்டையைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

"வாங்க மேடம்" என்று நாற்காலியைத் துடைத்துப் போட்டார். மரியாதையில் ஒரு குறையும் இல்லை, அதுதான் அவளைக் கூச வைத்தது.

அக்கா உட்காரவில்லை. நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னாள். பட்டியல், ஆஸ்பத்திரி, தொழிற்சாலை, தம்பி ஜன்னலோரம் நின்றது, ஒன்றையும் மறைக்கவில்லை. கடைசியில், "என் மேலதான் தப்பு மாஸ்டர். உங்களைப் போய் அப்படிக் கேட்டேன் பாருங்க, என் நாக்கு அழுகிப் போகணும். மன்னிச்சிடுங்க. வாங்க, மறுபடியும் ஆரம்பிக்கலாம். நீங்க இல்லாம என்னால ஒரு அட்டைகூடப் போட முடியாது" என்றாள்.

மாஸ்டர் கேட்டுக்கொண்டே சட்டையின் காலரைத் தேய்த்து முடித்தார். பெட்டியை நிமிர்த்தி வைத்தார்.

"தம்பி இப்படிச் செஞ்சிருக்க வேணாம்" என்றார். "கூடப் பிறந்தவங்களுக்கு அதைத் தாங்கவே முடியாது. உங்களுக்கு எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும்."

"அப்ப வர்றீங்களா?"

"நாளைக்கு வேலைக்குச் சேர்றேன் மேடம். அதுக்குத்தான் இந்தச் சட்டை."

"எங்க?"

"சிவப்புப் பலகையில."

அக்கா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள்.

"அவங்க கூப்பிடல, நானாத்தான் போய்க் கேட்டேன்" என்றார் அவர், பழி சொல்கிற தொனி இல்லாமல். "வீட்டுல உக்காந்திருந்தா நாலு பேர் நாலு விதமா பேசுவாங்க. பழைய இடத்தை ஏன் விட்டீங்கன்னு அந்த மேனேஜர் கேட்டாரு. மறைக்கறதுக்கு என்ன இருக்கு? 'அளவை நான் உங்களுக்கு வித்துட்டேன்னு சந்தேகப்பட்டாங்க, அதான் விட்டேன்'னு சொன்னேன். அவரு விழுந்து விழுந்து சிரிச்சாரு. 'நீங்க குடுக்கலன்னு எங்களுக்குத் தெரியாதா?'ன்னாரு. அங்கேயே வேலை ஆர்டரை டைப் பண்ணிக் குடுத்துட்டாரு."

புது அளவு, ஆறு மாதம், ஏழு கடை என்று தம்பியிடம் அடுக்கியதெல்லாம் இந்த மனிதரின் கையை நம்பிச் சொன்னது. அந்தக் கையை எதிரியிடம் அனுப்பி வைத்தது தம்பி இல்லை.

"எவ்வளவு தர்றாங்கன்னு சொல்லுங்க, நான்..."

"அது இல்ல மேடம்" என்று அவர் மெதுவாகக் குறுக்கிட்டார். "உங்ககிட்ட வந்தா, இனிமே தினமும் சாயங்காலம் வீட்டுக்குக் கிளம்பறப்ப என் பையை நானே திறந்து காட்டணும்னு தோணும். நீங்க கேக்க மாட்டீங்க, ஆனாலும் தோணும். அங்க ஒருத்தன் முன்னாலயும் நான் எதையும் நிரூபிக்க வேண்டியதில்ல."

உள்ளே யாரோ டீ வைக்கவா என்று கேட்டார்கள். மாஸ்டர் அக்காவைப் பார்த்தார். அவள் வேண்டாம் என்று தலையசைத்துவிட்டு, ஈரத் துணிகளை விலக்கிக்கொண்டு படியிறங்கத் தொடங்கினாள். மேலே அவர் கதவைச் சாத்தாமல், அவள் தெருவுக்குப் போய்ச் சேரும்வரை நின்றுகொண்டிருந்தார்.